மாமனார் பெயரில் அப்பாவின் நோய்

அப்பா சப்பாத்தியை ஒதுக்கத் தொடங்கியது ஓர் ஆவணி மாதத்தில். தில்லியில் மழை விட்டுப் புழுக்கம் பிடித்திருந்த நாட்கள். இரண்டு சப்பாத்தியைப் பருப்பில் ஊறவைத்து, விரல்களால் கூழாக்கி, மெதுவாக வாயில் போட்டுக்கொண்டார். வடக்கத்திக் கோதுமை தன் தொண்டைக்கு ஒத்துவரவில்லை என்றார். அறுபத்தாறு வயதில் திண்டுக்கல்லை விட்டுத் தில்லிக்கு வந்தவர் அப்படிச் சொன்னதில் எங்களுக்குச் சந்தேகம் எழவில்லை.

பிறகு சோறும் நின்று நின்று இறங்கியது. ஒவ்வொரு கவளத்துக்கும் ஒரு வாய் தண்ணீர் வேண்டியிருந்தது. நெஞ்சின் நடுவே ஒரு விரலை வைத்து, "இந்த எடத்துல வந்து நிக்குது தாயி. கொஞ்சம் பொறுத்தா எறங்கிருது" என்றார்.

இந்த வார்த்தைகளை உங்கள் வீட்டில் யாராவது சொல்லியிருந்தால் இதை மூடி வைத்துவிட்டு அவரை மருத்துவரிடம் கூட்டிப்போங்கள். அவரையே கூட்டிப்போங்கள். இதை ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்பதை விளக்கத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

அப்போது நாங்கள் ஆர்.கே.புரத்தில், எனக்கு ஒதுக்கப்பட்ட அரசுக் குடியிருப்பில் இருந்தோம். நான் ஓர் அமைச்சகத்தில் சம்பளப் பட்டியல் போடும் பிரிவில் எழுத்தர். என் கணவர் கதிரேசனுக்குத் தனியார் கம்பெனியில் விற்பனை வேலை. மாதத்தில் பாதி நாள் வெளியூரில் இருப்பார். மகள் உமாவுக்கு ஒன்பது வயது. மாமியார் காலமான பிறகும் மாமனார் வேலுச்சாமி எங்களோடுதான் இருந்தார். என் அம்மா போனபின் அப்பாவும் வந்து சேர்ந்தார். நான் ஒரே பெண். அவருக்கு வேறு போக்கிடம் இல்லை.

இரண்டு அறை வீட்டில் முன்னறை அவர்கள் இருவருக்கும். எதிரெதிரே இரண்டு கட்டில், நடுவில் ஒரு ரேடியோ. ஒருவரையொருவர் 'சம்பந்தி' என்று கூப்பிட்டுக்கொள்வார்கள். காலையில் சேர்ந்து பால் பூத்துக்குப் போவார்கள். மாமனார் முன்னே நடப்பார், அப்பா நாலடி பின்னே. மகள் வீட்டில் இருக்கிறோம் என்கிற கூச்சம் அப்பாவுக்குக் கடைசிவரை போகவில்லை.

அரசு ஊழியர்களுக்கு ஒரு மருத்துவத் திட்டம் இருந்தது. மாதாமாதம் சம்பளத்தில் ஒரு சிறு தொகையைப் பிடிப்பார்கள். மிச்சச் செலவை அரசு ஏற்றுக்கொள்ளும். அதற்குப் பதிலாக ஊழியருக்கும் அவரைச் சார்ந்தவர்களுக்கும் டிஸ்பென்சரியில் வைத்தியமும் மருந்தும் கிடைக்கும். தேவைப்பட்டால் அங்கிருந்தே பெரிய மருத்துவமனைக்குச் சீட்டு எழுதுவார்கள். யார் சார்ந்தவர் என்பதற்கு ஓர் அட்டை. எங்கள் அட்டையில் அப்போது புகைப்படம் இல்லை. பெயர், வயது, உறவு, கீழே ஒரு முத்திரை, அவ்வளவுதான்.

பெண் ஊழியருக்கு ஒரு விதி இருந்தது. தன்னைப் பெற்றவர்கள் அல்லது கணவரைப் பெற்றவர்கள், இரண்டில் ஒரு பக்கத்தைத்தான் அட்டையில் எழுதலாம். நான் அந்தப் படிவத்தை நிரப்பியபோது அப்பா ஊரில் ஒரு தனியார் பஸ் கம்பெனியில் டிக்கெட் பரிசோதகர். தலைவலி என்றுகூடப் படுத்தறியாதவர். மாமனாரும் மாமியாரும் எங்களோடு இருந்தார்கள். இதில் யோசிக்க ஏதாவது இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. ஒரு நிமிடத்தில் எழுதிக் கொடுத்துவிட்டேன்.

இன்னொன்றையும் மறைக்காமல் எழுதிவிட வேண்டும். அப்பா தில்லிக்கு வருவதற்கு ஒரு வருடம் முன்பு எங்கள் அலுவலகத்தில் ஊழியர்களிடம் கருத்துக் கேட்டார்கள். திட்டத்தின் செலவு ஏறிக்கொண்டே போகிறது, நம் பங்கு அதில் கொஞ்சம்தான். பங்கை உயர்த்தச் சம்மதித்தால், பெண் ஊழியர்கள் இரு பக்கப் பெற்றோரையும் சேர்க்க அனுமதி கேட்டு மேலே எழுதலாம் என்று சங்கச் செயலாளர் சொன்னார். மதிய இடைவேளை. குளிர்கால வெயிலுக்காகப் புல்வெளியில் உட்கார்ந்து வேர்க்கடலை உரித்துக்கொண்டு கேட்டோம். "எவனோட அப்பனுக்கோ நான் எதுக்குக் கட்டணும்?" என்று ஒருவர் இந்தியில் கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். உயர்த்தக் கூடாது என்பவர்களைக் கை தூக்கச் சொன்னார்கள்.

நானும் தூக்கினேன். சம்பளப் பட்டியல் போடுகிறவள் நான். பிடித்தம் கூடினால் கையில் வருவது எவ்வளவு குறையும் என்று மற்றவர்களைவிட வேகமாகக் கணக்கிட எனக்குத் தெரியும். நோய் வராத மாதங்களில் நாம் கட்டுகிற பணம்தான் நோய் வந்தவரைப் பார்த்துக்கொள்கிறது என்பது அன்று எனக்கு ஒரு சுற்றறிக்கையின் வரியாக மட்டுமே தெரிந்திருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாமனார் சமையலறை வாசலில் வந்து நின்றார்.

"சரோஜா, சம்பந்திக்குச் சாப்பாடு எறங்க மாட்டேங்குது. கவனிச்சியா?"

"கவனிச்சேன் மாமா. பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போகணும். கார்டு இல்லாம போனா நாள் முழுக்க வரிசையில நிக்கணும். எனக்கு லீவும் இல்ல."

"அம்புட்டு தூரம் எதுக்கு? நம்ம டிஸ்பென்சரிக்கு நான் போறேன். எனக்குத்தான் அப்படி இருக்குன்னு சொல்லி மருந்து வாங்கியாந்து அவருக்குக் குடுப்போம். கார்டுல என் பேரு சும்மாதானே கெடக்கு?"

வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. பக்கத்து மார்க்கெட்டில் ஒரு தனியார் மருத்துவர் இருந்தார். அவரிடமாவது போயிருக்கலாம். மாதாமாதம் திட்டத்துக்குக் கட்டிவிட்டு வெளியே வேறு கொடுப்பானேன் என்கிற எண்ணம் எனக்குள் இருந்தது. சின்ன எண்ணம்தான். அதை நான் அன்று எண்ணம் என்றுகூட உணரவில்லை.

திங்கட்கிழமை காலையில் மாமனாரோடு நானும் போனேன். டிஸ்பென்சரி மருத்துவர் ஒரு வங்காளப் பெண்மணி. பொறுமையாகக் கேட்கிறவர். மாமனார் அப்பாவின் உடம்பைத் தன் உடம்பாகச் சொன்னார். நெஞ்சில் சோறு நிற்கிறது, தண்ணீர் குடித்தால் இறங்குகிறது, எத்தனை நாளாக, எந்த இடத்தில், எல்லாம் சரியாகச் சொன்னார். அப்பாவைப் போலவே விரலை வைத்துக் காட்டினார். மருத்துவர் வயிற்றை அமுக்கிப் பார்த்தார், கழுத்தைத் தடவிப் பார்த்தார். பிறகு எடை பார்க்கும் எந்திரத்தில் ஏறச் சொன்னார்.

போன வருடத்தைவிட ஒரு கிலோ கூடியிருந்தது.

மருத்துவர் முகம் தெளிந்தது. "எடை குறைந்திருந்தால்தான் நான் கவலைப்பட்டிருப்பேன்" என்றார் என்னைப் பார்த்து. "இது அமிலத் தொல்லை (இரைப்பையின் புளிப்பு உணவுக்குழாய்க்குத் திரும்பி வருவது). காரம் குறைக்கச் சொல்லுங்கள்."

அந்த வாக்கியம் என் காதில் தெளிவாக விழுந்தது. அப்பாவின் எடை என்ன என்று எனக்குத் தெரியாது. வீட்டுக்குப் போனதும் பார்க்க வேண்டும் என்று நினைத்தேன். மருந்து கொடுக்கும் ஜன்னலில் வரிசை நீளம். ஆபீஸ் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. மறந்துபோனேன்.

வெள்ளை நிறத்தில் கெட்டியாக ஒரு திரவ மருந்து. குடித்தால் கொஞ்ச நேரம் நெஞ்சு குளிர்ந்ததாக அப்பா சொன்னார். அந்தக் குளிர்ச்சியை நாங்கள் குணம் என்று எடுத்துக்கொண்டோம். தீர்ந்ததும் மாமனார் மறுபடி போவார். ஆவணியிலிருந்து மார்கழிவரை நான்கு முறை போனார். ஒவ்வொரு முறையும் அவர் எடை சரியாகவே இருந்தது.

நடுவில் ஒருநாள் மருந்துச் சீட்டு அப்பா கண்ணில் பட்டுவிட்டது. ஆங்கில எழுத்து வாசிக்கத் தெரிந்தவர். நான் ஆபீஸிலிருந்து வந்தபோது சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்தார்.

"வேலுச்சாமின்னு எழுதியிருக்கு. சம்பந்திக்குக் குடுத்த மருந்தையா நான் குடிக்கிறேன்?"

எதிர்க் கட்டிலிலிருந்து மாமனார்தான் பதில் சொன்னார். "மருந்துக்குப் பேரு தெரியுமா சம்பந்தி? உள்ள போனா வேலை செய்யப் போகுது."

"இருவத்தெட்டு வருசம் டிக்கெட் இல்லாதவனை எறக்கி விட்டவன் நான். சம்பளம் வாங்கிக்கிட்டு எறக்கி விட்டேன்."

"நான்தான் டிக்கெட் எடுத்திருக்கேனே! நான் பிரயாணம் போகல. அதுல நீங்க போறீங்க. கம்பெனிக்கு என்ன நட்டம்?"

"ஆளு மாறுனா டிக்கெட் செல்லாது சம்பந்தி" என்றார் அப்பா. குரல் உயரவில்லை. இரண்டு நாள் மருந்தைத் தொடவில்லை. மூன்றாம் நாள் உமா போய், "தாத்தா, பீ லோ ந, ப்ளீஸ், குடிங்க" என்று பாதி இந்தியில் கெஞ்சியபிறகு குடித்தார். அவர் சொன்னதை நேர்மை பற்றிய பேச்சாகவே நாங்கள் எடுத்துக்கொண்டோம். அவர் உடம்புக்கும் அதுதான் சரியான வார்த்தை என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

தை பிறக்கும் சமயத்தில் தண்ணீரும் நிற்கத் தொடங்கியது. பக்கத்துக் குன்றின்மேல் உள்ள முருகன் கோயிலான மலை மந்திருக்குப் போயிருந்தோம். பாதிப் படியில் அப்பா உட்கார்ந்துவிட்டார். கைத்தாங்கலாகத் தூக்க அவர் கையைப் பிடித்தேன். கைக்கடிகாரம் நழுவி முழங்கைவரை ஓடியது. ஸ்வெட்டரும் சால்வையும் போர்த்தியிருந்ததால் குளிர்காலம் முழுக்க அவர் உடம்பை நான் பார்த்திருக்கவில்லை. அன்று வீட்டுக்கு வந்து ஸ்வெட்டரைக் கழற்றிப் பார்த்தபோது எலும்புகள் எண்ணும்படி இருந்தன.

மறுநாள் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு, ஒரு ஸ்கூட்டர் ரிக்‌ஷாவில் அவரைப் பெரிய அரசு மருத்துவமனைக்குக் கூட்டிப்போனேன். மாமனாரும் கூடவே ஏறிக்கொண்டார். பொது வரிசை கட்டடத்தைச் சுற்றி நின்றது. விடிந்ததும் போனவர்களுக்கு மதியத்துக்கு மேல்தான் முறை வந்தது.

எங்களுக்கு வாய்த்தவர் ஓர் இளம் மருத்துவர், கேரளத்துக்காரர், தமிழ் நன்றாகப் பேசினார். இதற்கு முன் என்ன வைத்தியம் பார்த்தீர்கள் என்று கேட்டார். நான்கு சீட்டுகளையும் கொடுத்தேன். படித்துவிட்டு நிமிர்ந்தார்.

"அப்பா பேரு சங்கரலிங்கம்னு சொன்னீங்க. இதுல வேலுச்சாமின்னு இருக்கே?"

பொய் சொல்லியிருக்கலாம். வெளியே தெரிந்தால் என் வேலைக்கே வினையாகும். மாமனார் என் பின்னால் நின்றுகொண்டிருந்தார். அவர் மூச்சுச் சத்தம் கேட்டது. நான் நடந்ததை அப்படியே சொன்னேன்.

மருத்துவர் என்னைக் கண்டிக்கவில்லை. மருந்தின் பெயரை மட்டும் புதுத் தாளில் எழுதிக்கொண்டு சீட்டுகளைத் திருப்பித் தந்தார். "இதை வீட்ல வச்சிருங்க" என்றார். "அப்போ இவரை இதுவரைக்கும் எந்த டாக்டரும் தொட்டுப் பார்த்ததே இல்ல. அப்படித்தானே?"

அதற்கு மேல் எல்லாம் வேகமாக நடந்தன. பேரியம் எக்ஸ்ரே எடுத்தார்கள் (சுண்ணாம்புக் கரைசல் போன்ற ஒன்றை விழுங்கவைத்து, அது இறங்கும் வழியைப் படம் பிடிப்பது). வெள்ளைக் கோடு நெஞ்சின் நடுவில் எலி கடித்ததுபோல் சிறுத்து, நூலாகி, பிறகு அகன்றது. அப்பா விரல் வைத்துக் காட்டிய அதே இடம். தொண்டை வழியே குழாய் விட்டுச் சதைத் துணுக்கு எடுத்தார்கள் (பயாப்சி, திசுச் சோதனை). பத்து நாள் கழித்துத் தாழ்வாரத்தில் ஒரு பெஞ்சில் வைத்து அந்த மருத்துவர் சொன்னார்: உணவுக்குழாய்ப் புற்றுநோய்.

"நாலு மாசம் முன்னாடி வந்திருந்தா?" என்று கேட்டேன்.

"சின்னதா இருந்திருக்கும். ஆபரேஷன் பத்தி யோசிச்சிருக்கலாம். குணமாயிருக்கும்னு நான் சொல்ல மாட்டேன். ஆகியிருக்காதுன்னும் சொல்ல மாட்டேன்."

இந்தப் பதிலோடு இத்தனை வருடங்கள் வாழ்ந்துவிட்டேன். அதில் என்னைக் குற்றம் சொல்லும் வார்த்தை ஒன்றும் இல்லை. விடுவிக்கிற வார்த்தையும் இல்லை.

கோபால்ட் கதிர்வீச்சு (கட்டியைச் சுருக்கக் கதிர்களைப் பாய்ச்சும் சிகிச்சை) கொடுக்கலாம் என்றார்கள். காத்திருப்போர் பட்டியல் நீளம். வெளியே வாங்க வேண்டிய மருந்துகளின் பட்டியல் வேறு. டிஸ்பென்சரியிலிருந்து முறையாகச் சீட்டு வாங்கி வந்தால் செலவில் பெரும்பகுதி திரும்பக் கிடைக்கும். அட்டையில் எழுதியதை மாற்ற விதியில் இடம் இருந்தது. பணிக்காலம் முழுவதிலும் ஒரே ஒரு முறை. கணவர் பக்கத்தை எடுத்துவிட்டுத் தன் பக்கத்தை எழுதலாம். பிறகு திரும்ப மாற்ற முடியாது.

இதை நான் வீட்டில் எப்படிச் சொல்வது என்று தயங்கினேன். வெளியூரிலிருந்து திரும்பியிருந்த கணவரிடம் மெல்லச் சொன்னேன். "எங்க அப்பாவுக்கும் எழுபது ஆகப் போகுது சரோஜா" என்றார். அதில் தவறில்லை. அவர் மகன். முன்னறையில் இருந்த மாமனாருக்கு இது கேட்டிருக்க வேண்டும். மறுநாள் காலையில் அவர் பல் விளக்கிவிட்டு வந்து, என் மேஜையிலிருந்து தாளும் பேனாவும் எடுத்து, தன்னை அட்டையிலிருந்து நீக்கத் தனக்குச் சம்மதம் என்று தானே எழுதிக் கையெழுத்துப் போட்டார். மகனிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"தப்பா மருந்து வாங்கித் தந்தது நான்" என்றார். "இதையாவது சரியா செஞ்சுக்கிறேன்மா."

நான் அழுதேன். அவர் அழவில்லை. பால் பூத்துக்கு நேரமாச்சு என்று பாத்திரத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

புது அட்டை வர ஐந்து வாரம் ஆனது. அப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டு வாசித்தார். "வயசை அம்பத்தாறுன்னு போட்டிருக்கான்" என்று சிரித்தார். பிறகு அட்டையைத் திருப்பினார், மறுபடி முன்பக்கம் பார்த்தார். "சம்பந்தி பேரு எங்க?"

மாமனார் ரேடியோவைத் திருகத் தொடங்கினார்.

"ஒருத்தரை எறக்கி விட்டுத்தான் என்னை ஏத்தியிருக்கியா தாயி?"

"நான் எறங்கல சம்பந்தி, நின்னுக்கிட்டு வர்றேன்" என்றார் மாமனார். "நீங்க உக்காருங்க."

அட்டையோடு அப்பாவை அதே டிஸ்பென்சரிக்குக் கூட்டிப்போனோம். அதே வங்காள மருத்துவர். அப்பாவை எந்திரத்தில் ஏற்றினார். முள் முப்பத்தெட்டில் நின்றது. மருத்துவமனைத் தாள்களைப் படித்தார். அப்பா தன் கஷ்டத்தைச் சொல்லி, நெஞ்சில் விரலை வைத்தார். மருத்துவர் அந்த விரலைப் பார்த்தார். கதவோரம் நின்ற மாமனாரைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது என்று எனக்கும் புரிந்தது.

சீட்டு எழுதி முடித்து, அப்பாவை வெளியே உட்காரவைக்கச் சொன்னார். என்னை மட்டும் நிறுத்தினார். கோபமாகப் பேசுவார் என்று எதிர்பார்த்தேன். மெதுவாகத்தான் கேட்டார்.

"முதல் நாளே இவரை அழைத்து வந்திருக்கலாமே. அட்டை இல்லாதவருக்கு என்னால் மருந்து கொடுக்க முடியாது. பார்க்க முடியும். பார்த்திருப்பேனே."

இத்தனை நாளும் விதியைத்தான் குற்றவாளியாக நினைத்துக்கொண்டிருந்தேன். விதி கொடியதுதான், பெண்ணைப் பெற்றவர்களை அது ஓர் ஓரத்தில் நிறுத்தியது. ஆனால் வாய் திறந்து கேட்காமல் இருந்தது நான். இல்லை என்று சொல்லிவிடுவார்களோ என்று பயந்து, கேட்காமலே இல்லை என்று முடிவு கட்டினேன்.

கதிர்வீச்சு ஆறு வாரம் நடந்தது. வாரத்தில் ஐந்து நாள். அப்பாவின் நெஞ்சிலும் முதுகிலும் ஊதா மையில் கட்டம் போட்டிருந்தார்கள். அழியக்கூடாது என்பதால் அந்த இடத்தில் தண்ணீர் படாமல் உடம்பைத் துடைத்து விடுவோம். அலுவலக நாட்களில் மாமனார்தான் கூட்டிப்போவார். இயந்திரம் இருந்த அறைக்குள் அப்பா தனியாகப் படுத்திருக்க வேண்டும். கனமான கதவை மூடிவிடுவார்கள். "உள்ள ஒண்ணும் தெரியல தாயி, சத்தம் மட்டும் வருது. சம்பந்தி வெளிய நிக்கிறாருன்னு நெனச்சுக்குவேன்" என்றார்.

ஐந்தாவது வாரத்தில் கஞ்சி தடையில்லாமல் இறங்கியது. சித்திரை கடைசியில் ஒருநாள், "இடியாப்பம் சாப்பிடலாம்போல இருக்கு" என்றார். நான் ஆபீஸிலிருந்து நேரே, நம் ஊர்ச் சாமான் கிடைக்கும் ஐ.என்.ஏ. மார்க்கெட்டுக்குப் போய் மாவும் தேங்காயும் வாங்கி வந்தேன். மூன்று இடியாப்பத்தைத் தேங்காய்ப் பாலில் நனைத்து, தண்ணீர் குடிக்காமல் சாப்பிட்டார். நாங்கள் நால்வரும் அவர் தொண்டையையே பார்த்துக்கொண்டிருந்தோம். "என்ன எல்லாரும் சினிமா பாக்கிற மாதிரி பாக்குறீங்க?" என்றார்.

அப்படி எங்களுக்கு இரண்டரை மாதம் கிடைத்தது. இந்த நோயோடு வாழ்கிறவர்களுக்கு அதைச் சொல்லிவைக்கிறேன். சிகிச்சை குணப்படுத்தாதபோதும் கொடுப்பது ஒன்று உண்டு. அதை அற்பம் என்று நினைக்காதீர்கள். அந்த நாட்களில் அப்பாவும் மாமனாரும் மறுபடி பால் பூத்துக்குப் போனார்கள். இருவரும் ஒன்றாக, பக்கத்தில் பக்கத்தில் நடந்தார்கள்.

ஆடியில் வழி மறுபடி அடைத்துக்கொண்டது. இந்த முறை வயிற்றில் துளையிட்டுக் குழாய் வைத்தார்கள் (உணவை நேரே இரைப்பைக்குள் ஊற்றுவதற்கு). பாலும் பழச்சாறும் புனலில் ஊற்றுவேன். ருசி தெரியாமல் பசி மட்டும் அடங்குவது விசித்திரமாக இருக்கிறது என்றார். அவருக்காக ஒரு துளி ரசத்தை நாக்கில் தொட்டு வைப்பேன். கண்ணை மூடிக்கொள்வார்.

புரட்டாசியில் ஒரு மதியம், சளிக் காய்ச்சல் கண்டு நான்காம் நாள், மருத்துவமனைப் பொதுவார்டில் அப்பா போனார். நான் பக்கத்தில் இருந்தேன். கடைசியாக ஏதும் சொல்லவில்லை. என் கையைப் பிடித்திருந்தார். பிறகு நான்தான் பிடித்திருந்தேன்.

அந்தக் குளிர்காலத்தில் அலுவலகப் புல்வெளியில் மறுபடி ஒரு கூட்டம். பிடித்தத்தை உயர்த்துவது பற்றிய அதே பேச்சு, வேறு செயலாளர். நான் கூட்டத்தில் பேசிப் பழகியவள் அல்ல. எழுந்தேன். என் அப்பாவைப் பற்றிச் சொன்னேன். மாமனார் பெயரில் மருந்து வாங்கியதைச் சொல்லத் தைரியம் வரவில்லை, மற்றதைச் சொன்னேன். "போன முறை நான் வேண்டாம்னு கை தூக்கினேன். அது தப்பு. எனக்கு ஒண்ணும் வராத மாசத்துல நான் கட்டுறது யாருக்கோ போகட்டும். எனக்கு வர்ற மாசத்துல யாரோ கட்டினது எனக்கு வரும். வேற வழியில்ல" என்று இந்தியில் திக்கித் திக்கிச் சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. கை தூக்கியபோது எங்கள் பக்கம் சில கைகள் கூடியிருந்தன. போதவில்லை.

சொல்லாமல் விட்ட பாதியும் சேர்ந்ததுதான் உண்மை. அதனால்தான் இங்கே எழுதுகிறேன்.

வீட்டில் மாமனார் அட்டை இல்லாதவராக இருந்தார். முன்னறையில் எதிர்க் கட்டில் காலியாகக் கிடந்தது. அதை எடுத்துப்போடச் சம்மதிக்கவில்லை. மாசி மாதத்தில் ஒருநாள் மாடிப்படி ஏறி வந்தவர் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்குவதைப் பார்த்தேன். முன்பென்றால் பார்த்துவிட்டு அடுப்படிக்குப் போயிருப்பேன்.

"எத்தனை நாளா இப்படி இருக்கு மாமா?"

"வயசாச்சுல்ல. படியேறினா வாங்கத்தானே செய்யும்?"

"நாளைக்கு ஆஸ்பத்திரிக்குப் போறோம்."

"எதுக்கும்மா வீணா செலவு?"

"நாளைக்கு" என்றேன்.

அரை நாள் விடுப்பு எழுதிக் கொடுத்தேன். விடியுமுன்பே போய்ப் பொது வரிசையில் முன்னால் நின்றோம். எனக்கு அவசரம் இல்லை என்பது எனக்கே புதிதாக இருந்தது. எக்ஸ்ரே எடுத்தார்கள். மார்பில் குழாய் வைத்துக் கேட்டார்கள். இரத்தம் கொஞ்சம் குறைவு, மாத்திரை போதும், ஒரு வருடம் கழித்து வாருங்கள் என்றார்கள்.

ஒரு வருடம். முன்பெல்லாம் எனக்கு ஒரு வருடம் என்பது பன்னிரண்டு சம்பளப் பட்டியல். இப்போது அதைக் கையில் கொடுத்ததுபோல் இருந்தது.

வாசலில் ஒருவன் கொய்யாவை நான்காகக் கீறி உப்புத் தடவிக் கொடுத்துக்கொண்டிருந்தான். மாமனார் நின்றார். ஆளுக்கொன்று வாங்கிக்கொண்டு சுற்றுச்சுவர் ஓரம் வெயிலில் உட்கார்ந்தோம். விதையோடு மென்று விழுங்கினேன். தொண்டையைத் தாண்டி, நெஞ்சைத் தாண்டி, அது போவது எனக்குத் தெரிந்தது. அப்பா போனதிலிருந்து எனக்கு ஒவ்வொரு கவளமும் இப்படித்தான் தெரிகிறது. பயம் என்று இதைச் சொல்ல மாட்டேன். இதற்கு முன் நாற்பது வருடமும் கவனிக்காமலே விழுங்கியிருக்கிறேன் என்பதுதான் ஆச்சரியம்.

என் அரை நாள் விடுப்பு ஒன்றரை மணிவரைதான். ஆஸ்பத்திரிக் கடிகாரத்தில் அது தாண்டுவதைப் பார்த்தேன். மாமனார் இரண்டாவது துண்டை மென்றுகொண்டிருந்தார், பல் இல்லாத பக்கத்தைத் தவிர்த்து, மிக மெதுவாக.

"நேரமாகலையாம்மா உனக்கு?"

"இல்ல மாமா. நிதானமா சாப்பிடுங்க" என்றேன்.